இடுப்பளவுத் தண்ணீர்

"இதென்ன தாயி, கெணறா? படிக்கட்டெல்லாம் வெச்சு, பச்சைப் பசேல்னு எம்புட்டு அழகா இருக்கு!"

வெளிநாட்டில் வேலை பார்க்கும் என் மகள் கைபேசியில் அனுப்பியிருந்த படத்தைப் பார்த்துவிட்டு என் மாமியார் கேட்ட கேள்வி இது. அத்தைக்கு வயது 76. கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு, படத்தைக் கண்ணருகே கொண்டுபோய்ப் பார்த்துக் கொண்டிருந்தார்.

மகள் தோழிகளோடு மெக்சிகோ நாட்டுக்குப் போயிருந்தாள். வழிகாட்டியுடன் ஒருநாள் பஸ் பயணம். காலையில் மாயா இனத்தார் கட்டிய சிச்சென் இட்சா என்ற பழைய நகரத்தின் இடிபாடுகள்; மத்தியானம் 'செனோட்டே' என்று அங்கே சொல்லப்படும் இயற்கைக் கிணற்றில் குளியல். அந்த யுகட்டான் பகுதி முழுக்கச் சுண்ணாம்புப் பாறையாம். பெய்கிற மழையெல்லாம் பாறைக்குள் இறங்கிவிடுவதால் தரைமேல் ஆறு என்று சொல்லிக்கொள்ள எதுவும் கிடையாது. பாறையின் கூரை இடிந்து உள்ளே விழுந்த இடங்களில் மட்டும் நிலத்தடி நீர் கண்ணுக்குத் தெரியும். அந்தக் கிணறுகளை நம்பித்தான் அத்தனை பெரிய நகரத்தையே அமைத்திருக்கிறார்கள். கல்லால் ஆன பெரிய கோபுரத்தில் ஒரு காலத்தில் எல்லோரும் ஏறிப் பார்ப்பார்களாம். இப்போது ஏற அனுமதி இல்லை.

இதையெல்லாம் நான் படித்துச் சொல்லச் சொல்ல அத்தை கேட்டுக் கொண்டிருந்தார். கடைசியில், "அங்க ஏறத்தான் கூடாது, குளிக்கலாம். எனக்கு ரெண்டுமே கூடாது" என்று சொல்லிவிட்டுக் கைபேசியை என்னிடம் நீட்டினார்.

கோபமாகச் சொல்லவில்லை. சாதாரணமாகத்தான் சொன்னார். அதனால்தானோ என்னவோ எனக்குச் சுருக்கென்றது.

இரண்டு வருடத்துக்கு முன்பு அத்தை குளியலறையில் வழுக்கி விழுந்து இடது மணிக்கட்டு எலும்பு முறிந்தது. மாவுக் கட்டு, சத்திரப்பட்டியில் நெய்த பேண்டேஜ் துணி, ஒரு மாதத்துக்கு மேல் தூளி கட்டிய கை. மாதவிடாய் நின்ற பிறகு பெண்களின் எலும்பு வலுக் குறைந்துவிடும், சின்ன விழுக்காடுகூட முறிவில் கொண்டுபோய் விடும் என்று அப்போதுதான் எனக்கு விளக்கமாகத் தெரிந்தது. பயந்து போனேன். அன்றிலிருந்து எங்கள் வீட்டில் சட்டங்கள் பிறந்தன. மாடிப்படி ஏறக்கூடாது. ஈரத் தரையில் நடக்கக்கூடாது. தலைக்குத் தானே தண்ணீர் ஊற்றிக்கொள்ளக் கூடாது. அடுப்படிப் பக்கமே வரக்கூடாது. ஆண்டாள் கோயிலுக்குப் போவதென்றால் ஆட்டோ. அதுவும் கூட ஒருத்தி இருந்தால்தான்.

கட்டுப் பிரித்தாகிவிட்டது. கை சரியாகிவிட்டது. சட்டங்கள் மட்டும் அப்படியே நின்றுவிட்டன.

"உன் மருமகள் உன்னைத் தங்கமாத் தாங்குறா" என்று பார்ப்பவர்கள் எல்லாம் அத்தையிடம் சொல்வார்கள். எனக்கு உள்ளூரப் பெருமையாக இருக்கும். அத்தை சிரித்துக்கொள்வார். அந்தச் சிரிப்பை நான் சரியாகப் பார்த்ததில்லை.

எங்கள் தெருப் பெண்கள் 12 பேர் மாதா மாதம் ஆளுக்குக் கொஞ்சம் பணம் போட்டு வைத்து, வருடத்துக்கு ஒருமுறை ஒருநாள் பயணம் போவோம். வேன் வாடகை, சாப்பாடு எல்லாம் அதற்குள் அடங்கும். எங்கள் வழிகாட்டி, பள்ளிக்கூடத்தில் சரித்திரம் நடத்தி ஓய்வு பெற்ற ஒரு டீச்சர். மகளின் படத்தை அவரிடம் காட்டியதும், "நம்ம பக்கத்துல இல்லாததா? காலையில கழுகுமலை வெட்டுவான் கோயில். மத்தியானம் ராஜபாளையத்துக்கு மேற்கே ஐயனார் கோயில் அருவி. பழைய கல்லும் ஆச்சு, குளியலும் ஆச்சு!" என்றார். எல்லோரும் கை தட்டினார்கள்.

வீட்டில் வந்து சொன்னேன். அத்தை உடனே, "நானும் வர்றேன்" என்றார்.

"நல்லா இருக்கே! மலை ஏறணும் அத்தை. அப்புறம் அருவி, பாசி, வழுக்கல். விழுந்தா யாரு பாக்குறது?" என்று நான் பட்டென்று சொல்லிவிட்டேன்.

அத்தை பேசவில்லை. இரண்டு நாள் பேசவே இல்லை. காபி கொடுத்தால் குடிப்பார், தட்டு வைத்தால் சாப்பிடுவார், அவ்வளவுதான். மூன்றாம் நாள் என் கணவர்தான், "அம்மா ராஜபாளையத்துக்காரங்க. கல்யாணமாகி ஸ்ரீவில்லிபுத்தூர் வந்து 54 வருஷம் ஆச்சு. 12 கிலோமீட்டர்தான் இருக்கு. ஆனா அந்த ஐயனார் கோயிலுக்கு ஒரு தடவைகூட மறுபடி போனதில்ல, தெரியுமா?" என்று மெதுவாகச் சொன்னார்.

எனக்குத் தெரியாது. 29 வருடமாக ஒரே வீட்டில் இருக்கிறேன், தெரியாது!

டாக்டரிடம் அழைத்துப் போனேன். உண்மையைச் சொல்கிறேனே, அவர் வாயால் 'வேண்டாம்' என்று சொல்ல வைக்கத்தான் போனேன். அவர் அத்தையை நாற்காலியிலிருந்து கையை ஊன்றாமல் எழுந்திருக்கச் சொன்னார். அறையில் நடக்கச் சொன்னார். ரத்த அழுத்தம் பார்த்தார். பிறகு என்னைத்தான் கண்டித்தார்.

"உட்கார வெச்சே வெச்சிருந்தா தொடைச் சதை மெலியும். சதை மெலிஞ்சா நிக்கும்போது தடுமாறும். தடுமாறுறாங்களேன்னு நீங்க மறுபடி உட்கார வைப்பீங்க. இது எங்க போய் முடியும்? தினமும் நடக்க விடுங்க. கைப்பிடி, நல்ல செருப்பு, அவசரமில்லாம மெதுவா ஏறுறது, இதெல்லாம் இருந்தாப் போயிட்டு வரட்டும். தண்ணியில இறங்கினா இழுப்பு இல்லாத இடத்துல, இடுப்பளவுக்கு மேல வேண்டாம். அதுவும் முட்டிக்கு நல்லதுதான். இடுப்பளவுத் தண்ணியில நின்னா உடம்பு பாரத்துல ஏறக்குறைய பாதிதான் காலுக்கு வரும்."

வீடு திரும்பும்போது ஆட்டோவில் அத்தையின் முகத்தைப் பார்க்க வேண்டுமே! பரீட்சையில் பாஸான பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி.

ஒரு மாதம் இருந்தது. தினமும் காலையில் எங்கள் தெருவிலிருந்து பெரிய கோபுரம் வரை நடந்தார். 11 நிலைக் கோபுரத்தை அண்ணாந்து பார்த்து ஒரு கும்பிடு, பிறகு திரும்புவார். முதல் வாரம் நடுவில் இரண்டு இடத்தில் உட்கார்ந்தவர், நாலாவது வாரம் உட்காரவே இல்லை.

தை மாதத்து ஞாயிற்றுக்கிழமை. விடிகாலை ஐந்து மணிக்கு வேன் கிளம்பியது. புளியோதரை, தயிர்சாதம், உருளைக்கிழங்கு வறுவல், நார்த்தங்காய் ஊறுகாய், இரண்டு கிலோ பால்கோவா. ராஜபாளையம் தாண்டி, சங்கரன்கோவில் வழியாகக் கழுகுமலை போய்ச் சேர்ந்தபோது நன்றாக விடிந்திருந்தது. வெயிலுக்கு முன் ஏறி இறங்கிவிட வேண்டும் என்பது டீச்சரின் திட்டம்.

கழுகுமலை என்றால் நம்மில் பலருக்கு முருகனும், அண்ணாமலை ரெட்டியாரின் காவடிச் சிந்தும்தான் நினைவுக்கு வரும். கீழே கழுகாசலமூர்த்தியைக் கும்பிட்டுவிட்டு அப்படியே பஸ் ஏறி விடுகிறோம். மலைமேல் இருப்பதைப் பார்த்தவர்கள் குறைவு. நானும் அதுவரை பார்த்ததில்லை.

ஏறத் தொடங்கினோம். அத்தை பத்துப் படி ஏறுவார், நிற்பார். மூச்சு வாங்குவது அடங்கியதும் அடுத்த பத்து. நான் பின்னால் இரண்டு கைகளையும் விரித்துக்கொண்டு, கோழிக்குஞ்சைப் பிடிக்கப் போகிறவள் மாதிரி வந்து கொண்டிருந்தேன். பாதி ஏறியதும் எனக்குப் பொறுக்கவில்லை. "போதும் அத்தை, இங்கேயே நிழல்ல உக்காருங்க. நாங்க பாத்துட்டு வந்து சொல்றோம்" என்றேன்.

டீச்சர் திரும்பிப் பார்த்து, "நீங்க ஏன் சொல்றீங்க? அவங்களையே கேளுங்களேன்" என்றார்.

கேட்டேன். "வந்தது பாக்கத்தானே தாயி, கேக்கறதுக்கா?" என்றார் அத்தை. மேலே ஏறினோம்.

வெட்டுவான் கோயிலை முதலில் பார்க்கும்போது, அது எங்கே இருக்கிறது என்றே தெரியாது. மலைக்குள் பள்ளம் பறித்தது போல் மூன்று பக்கமும் பாறை. அதன் நடுவே விமானம் மட்டும் எழுந்து நிற்கிறது. கல்லைக் கொண்டுவந்து அடுக்கிக் கட்டியதல்ல. மலையையே மேலிருந்து கீழாகச் செதுக்கிக்கொண்டு வந்திருக்கிறார்கள். 8-ஆம் நூற்றாண்டு, பாண்டியர் காலத்து வேலை. அதே நூற்றாண்டில்தான் வடக்கே எல்லோராவிலும் கைலாசநாதர் கோயிலை இப்படி மலையைக் குடைந்து செய்திருக்கிறார்கள் என்றார் டீச்சர். 'வீட்டுக்கு முதலில் கூரை போட்டு, அப்புறம் சுவர் வைத்து, கடைசியில் அஸ்திவாரம் போட முடியுமா? அந்த மாதிரி வேலை இது' என்று அவர் சொன்னதும்தான் எங்களுக்கு அதன் அருமை புரிந்தது. ஓரிடத்தில் உளி தவறினால் ஒட்டுப் போட முடியாதல்லவா?

விமானத்தில் உமையோடு அமர்ந்த சிவன், மூலைகளில் நந்திகள், குதித்து விளையாடும் பூதகணங்கள். எல்லாவற்றையும்விட என்னைக் கவர்ந்தவர், மிருதங்கம் வாசிக்கும் தட்சிணாமூர்த்தி. கண்ணை மூடி மௌனமாக உபதேசிக்கும் குருவாகவே நாம் பார்த்துப் பழகியவர், இங்கே கச்சேரிக்கு உட்கார்ந்திருக்கிறார்!

மேலே இவ்வளவு அழகு. கீழே பார்த்தால் சுவரும் அடித்தளமும் வெறும் பாறை. உளி பட்ட தழும்புகள் அப்படியே இருக்கின்றன. வேலை பாதியில் நின்றுபோன கோயில் இது. உள்ளே அப்போது எந்தச் சிலையும் வைக்கவில்லை. இப்போது இருக்கும் பிள்ளையார் பிற்காலத்தில் வந்தவர்.

ஏன் நின்றது என்பதற்கு ஊரில் ஒரு கதை சொல்வார்கள். தகப்பனும் மகனும் சிற்பிகள். தகப்பன் கீழே ஒரு வேலை, மகன் மேலே இந்த வேலை. மகனின் உளிச்சத்தமும், பார்த்தவர்கள் சொன்ன புகழும் தகப்பன் காதில் விழ விழப் பொறாமை மூண்டது. ஆத்திரத்தில் எறிந்த உளி மகன் உயிரைக் குடித்துவிட்டது. அன்றோடு வேலை நின்றது. சரித்திரமல்ல, கதைதான் என்று டீச்சர் சொல்லி முடித்தார்.

"ஐயோ, பெத்த அப்பனுக்கு இப்படியா பொறாமை!" என்று நாங்கள் அங்கலாய்த்தோம்.

பாறை நிழலில் உட்கார்ந்திருந்த அத்தை, "பொறாமை இல்ல தாயி. பயம்" என்றார்.

"என்ன பயம் அத்தை?"

"இனிமே நம்ம கைக்கு வேலை இல்லங்கிற பயம். அது வந்துட்டா மனுசனுக்குப் புத்தி கெட்டுப் போகும்." சொல்லிவிட்டுத் தன் இடது மணிக்கட்டைத் தடவிக்கொண்டார்.

யாரும் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. எனக்கு மட்டும் வயிற்றில் என்னவோ செய்தது. அடுப்படிப் பக்கமே வரக்கூடாது என்று சொன்னது நான்தானே? அந்த வீட்டில் 50 வருடத்துக்கு மேல் குழம்பு கூட்டிய கை. உப்பு, புளி எடுத்து வைக்கவாவது நான் விட்டேனா? கீரை ஆய்ந்தால்கூட, "வைங்க அத்தை, நான் பாத்துக்கறேன்" என்று பிடுங்கிக்கொண்டு போவேன். அதைப் பணிவிடை என்று நினைத்துக் கொண்டிருந்தேன்.

மலையில் இன்னொரு பக்கம் சமணர் சிற்பங்கள் இருக்கின்றன. பாறை முகத்தில் வரிசை வரிசையாகத் தீர்த்தங்கரர்கள் தியானத்தில் அமர்ந்திருக்கிறார்கள். அடியில் வட்டெழுத்தில், செய்வித்தவர்களின் பெயர்கள். அந்தப் பெயர்களில் 'குரத்தியார்' என்ற பெண் துறவிகளும் உண்டு. சமண சமயத்தில் பாடம் சொல்லிக்கொடுத்த பெண் குருமார்கள் அவர்கள். 1,200 வருடத்துக்கு முன்னால் இந்த மலையில் பெண்கள் ஆசிரியர்களாக இருந்திருக்கிறார்கள் என்று சொல்லும்போது எங்கள் டீச்சரின் குரலில் ஒரு தனிக் கம்பீரம்!

அங்கே சிங்கத்தோடு நிற்கும் அம்பிகா என்ற இயக்கியின் சிற்பம் இருக்கிறது. அவள் கதையும் சொன்னார். வீட்டில் திதிக்குச் சமைத்த சாப்பாட்டை, பசியோடு வாசலுக்கு வந்த சமண முனிவருக்கு எடுத்துக் கொடுத்துவிட்டாள். புருஷன் வீட்டைவிட்டுத் துரத்திவிட்டான். இரண்டு பிள்ளைகளோடு வெளியேறினாள். பிள்ளைகளுக்குத் தாகம், வறண்டு கிடந்த குளத்தில் தண்ணீர் பெருகியது. பிள்ளைகளுக்குப் பசி, பட்டுப்போன மாமரம் பழுத்தது.

"தண்ணிகூடப் பொம்பளை மனசறிஞ்சு வருது பாரு" என்றார் அத்தை. "கிளம்புங்க, நம்ம தண்ணியையும் பாப்போம்."

பத்தரை மணிக்குள் இறங்கிவிட்டோம். ராஜபாளையம் திரும்பி, மேற்கே மலையைப் பார்த்து வேன் திரும்பியதும் அத்தை ஜன்னலோரம் நகர்ந்து உட்கார்ந்துகொண்டார். இருபுறமும் மாந்தோப்புகள். "இந்தத் தோப்புல சப்பட்டை மாம்பழம், அந்தப் பக்கம் கமலைக் கெணறு, மாட்டு வண்டியை இங்கதான் அவுத்துப் போடுவோம்" என்று விடாமல் சொல்லிக்கொண்டே வந்தார். ராஜபாளையத்துக்குக் குடிநீர் தரும் ஆறாவது மைல் நீர்த்தேக்கம் வந்தது. பிறகு வனத்துறைச் சோதனைச் சாவடி. இந்தக் காடு 1988-ல் சாம்பல் நிற அணில்களுக்கான சரணாலயமானது. 2021-ல் ஸ்ரீவில்லிபுத்தூர் – மேகமலைப் புலிகள் காப்பகத்தில் சேர்ந்தது. அதனால் நினைத்த நேரத்தில் நினைத்தபடி நுழைய முடியாது. மலையில் மழை என்றால் அனுமதியே கிடையாது. அன்று வானம் தெளிவாக இருந்தது.

கோயிலின் பெயரே 'நீர் காத்த ஐயனார்'. என்ன பொருத்தமான பெயர் பாருங்கள்! ஊர் குடிக்கும் தண்ணீர் வரும் வழியில் காவல் தெய்வம் உட்கார்ந்திருக்கிறார். கும்பிட்டு, சாப்பிட்டு, ஒரு மணி நேரம் இளைப்பாறிவிட்டு ஓடைக்குப் போனோம்.

அருவியடிக்கு நாங்கள் போகவில்லை. கீழே, பாறைகளுக்கு நடுவில் தண்ணீர் தேங்கி மெதுவாக வழியும் ஒரு தடாகத்தைத் தேர்ந்தெடுத்தோம். டீச்சர் மூங்கில் கம்பை விட்டு ஆழம் பார்த்தார். அடிமண் தெரியும் அளவுக்குத் தெளிவு. இடுப்பளவுதான்.

அத்தை சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு, உட்கார்ந்தபடியே பாறையில் நகர்ந்து நகர்ந்து இறங்கினார். நான் ஒரு கையைப் பிடித்திருந்தேன். கழுத்து வரை தண்ணீரில் அமிழ்ந்து உட்கார்ந்ததும் கண்ணை மூடிக்கொண்டார். வாயைத் திறந்து ஒன்றும் சொல்லவில்லை. சிறிது நேரம் கழித்து, "கையை விடு தாயி" என்றார்.

"வேண்டாம் அத்தை."

"விடுறியா இல்லையா?"

விட்டேன். அடுத்த நொடி அத்தை நீந்திக் கொண்டிருந்தார்! 76 வயதுக் கிழவி, தவளை மாதிரி காலை உதைத்து, தலையை மேலே வைத்துக்கொண்டு, இந்தக் கரையிலிருந்து அந்தக் கரைக்கு! எங்கள் 12 பேரில் ஒருத்திக்கும் நீச்சல் தெரியாது. வாயைப் பிளந்துகொண்டு நின்றோம்.

"எங்கப்பா முதுகுல சுரைக்குடுக்கையைக் கட்டிக் கமலைக் கெணத்துல தூக்கிப் போட்டாரு. ஏழு வயசு. ஒரே வாரத்துல குடுக்கையை அவுத்துட்டேன்" என்றார் அக்கரையிலிருந்து.

"அத்தை, போதும், வந்துருங்க" என்று பதறியபடி நான் ஓர் எட்டு முன்னால் வைத்தேன். பாசி. கால் வாரிவிட்டது. தடாலென்று தண்ணீருக்குள் விழுந்தேன்.

அந்தச் சில நொடிகளை எப்படிச் சொல்வது? மூக்கில் தண்ணீர், கண்ணில் இருட்டு, சேலை காலைச் சுற்றிக்கொண்டது. கையைக் காலை உதறுகிறேன். செத்தேன் என்றுதான் நினைத்தேன். யாரோ என் தலைமயிரைக் கொத்தாகப் பிடித்துத் தூக்கினார்கள். மூச்சு வந்தது. என் காதருகே அத்தையின் குரல்:

"கால ஊனு தாயி. பயப்படாத. இடுப்பளவுத் தண்ணிதான். கால ஊனு."

ஊன்றினேன். நின்றேன். தண்ணீர் இடுப்பளவுதான் இருந்தது.

மற்றவர்கள் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். சிரித்துக்கொண்டே இருந்தபோது அழுகை வந்துவிட்டது. முகமெல்லாம் தண்ணீராக இருந்ததால் யாருக்கும் தெரியவில்லை. அத்தைக்கு மட்டும் தெரிந்தது. என் முதுகைத் தடவிக்கொண்டே, "நான் விழுந்த அன்னைக்கு எனக்கு இம்புட்டுப் பயம் இல்ல. அப்புறம் உன் பயத்தைப் பாத்துத்தான் எனக்குப் பயம் வந்துச்சு" என்றார்.

நாலு மணிக்குக் கரையேறினோம். உலர்ந்த உடை மாற்றி, தலை துவட்டி, சுக்குக் காபி குடித்தோம். வேனில் அத்தை என் தோளில் சாய்ந்து தூங்கிப் போனார். ஸ்ரீவில்லிபுத்தூர்க் கோபுரம் தெரிந்தபோது எழுப்பினேன். "அடுத்த வருசம் எங்க?" என்றுதான் முதல் வார்த்தை.

வயதானவர்களை அழைத்துக்கொண்டு இப்படிப் போக நினைக்கும் சகோதரிகளுக்கு எங்கள் அனுபவத்தில் தெரிந்தவை:

1. முன்கூட்டியே டாக்டரைக் கேளுங்கள். ஒரு மாதமாவது தினசரி நடக்கவிட்டுப் பழக்குங்கள். மாத்திரைகளை நேரம் எழுதிய உறையில் போட்டு எடுத்துப் போங்கள்.

2. மலை ஏற்றத்தை வெயிலுக்கு முன் முடித்துவிடுங்கள். அவர்கள் வேகம்தான் எல்லோருக்கும் வேகம் என்று முதலிலேயே பேசிக்கொள்ளுங்கள். இறங்கும்போதுதான் முட்டிக்குப் பாரம் அதிகம், அவசரம் கூடாது.

3. காட்டு ஓடையில் வனத்துறையார் சொல்வதே சட்டம். நமக்கு மேலே வெயில் அடித்தாலும், மலையில் பெய்த மழை திடீர் வெள்ளமாக வந்துவிடும். தண்ணீர் கலங்கினாலோ, சருகு மிதந்து வந்தாலோ உடனே கரையேறிவிடுங்கள்.

4. ஆழம் பார்க்காமல் இறங்காதீர்கள். பாசிப் பாறையில் நடப்பதைவிட உட்கார்ந்து நகர்வது நல்லது. (இதை விழுந்தவள் சொல்கிறேன்!)

5. சோப்பு, ஷாம்பு, பிளாஸ்டிக் பை வேண்டாம். நாம் அங்கே கரைப்பது கீழே யாரோ ஒருவர் வீட்டுக் குடத்தில்தான் வந்து சேரும்.

6. எல்லாவற்றுக்கும் முன்னால், அவர்களையே கேளுங்கள். கேட்காமல் 'வேண்டாம்' என்று சொல்லாதீர்கள்.

எங்கள் வீட்டில் இப்போது குளியலறையில் கைப்பிடி போட்டிருக்கிறோம். தரைக்குச் சொரசொரப்பான விரிப்பு. இதை இரண்டு வருடத்துக்கு முன்பே செய்திருக்கலாம். அத்தையைக் கட்டிப்போட்டேனே ஒழிய, வழுக்கும் தரையை மாற்ற எனக்குத் தோன்றவில்லை! ஞாயிற்றுக்கிழமைக் குழம்பு அத்தையின் பொறுப்பு. கொஞ்சம் காரம் தூக்கலாக இருக்கிறது. இவர் இரண்டு கவளம் கூடுதலாகச் சாப்பிடுகிறார். நான் ஒன்றும் சொல்வதில்லை.

பயம் எனக்கு முழுவதும் போய்விட்டதா என்றால், இல்லை. அத்தை மாடிப்படி ஏறும் சத்தம் கேட்டால் இன்னும் கை வேலை நின்றுவிடும். எழுந்து ஓடப் பார்ப்பேன். அப்போது எனக்கு நானே சொல்லிக்கொள்கிறேன்: 'கால ஊனு. இடுப்பளவுத் தண்ணிதான்.'

அத்தை தண்ணீரில் நீந்தும் படத்தை மகளுக்கு அனுப்பி வைத்தேன். "அம்மா, அங்கே எனக்கு லைஃப் ஜாக்கெட் மாட்டித்தான் இறக்கிவிட்டார்கள். ஆச்சிக்கு எதுவுமே இல்லையா!" என்று பதில் வந்தது. ஆச்சியிடம் படித்துக் காட்டினேன்.

"அவளை லீவுக்கு வரச் சொல்லு. உங்க ரெண்டு பேருக்கும் சேத்துக் கத்துக் குடுக்கறேன்" என்றார் அத்தை.

நல்ல சுரைக்குடுக்கையாக இரண்டு எங்கே கிடைக்கும் என்று விசாரித்துக் கொண்டிருக்கிறேன்.